தீவுக்குக் கப்பலேறி வந்த படத் தட்டுகள்

(நமது சங்கக் கிளையின் குடும்ப சங்கமத்தில் நிகழ்த்திய உரையின் எழுத்து வடிவம்)

 

"அந்தமானில் பன்னிரண்டு வருஷம் குப்பை கொட்டியிருக்கேளே, அதைப் பத்தி ஏதாவது பேசுங்கோ" என்று நமது காரியதரிசி கேட்டுக்கொண்டார். அந்தமான் என்றால் செல்லுலர் ஜெயிலும் பவழப் பாறைகளும்தான் நினைவுக்கு வரும். எல்.டி.சி. எடுத்துக்கொண்டு நம் அங்கத்தினர்களில் பாதிப் பேர் போய் வந்தாகிவிட்டது. அவர்கள் பார்த்ததையே நான் மறுபடி சொல்வதில் பிரயோஜனம் இல்லை. ஆகவே யாரும் பேசாத விஷயம் ஒன்றைப் பேசலாம் என்று வந்திருக்கிறேன். அதுதான் நம் வீட்டுப் பரண்களில் தூசி படிந்து கிடக்கும் வி.சி.டி., டி.வி.டி. தட்டுகள். அவற்றில் நாம் பார்த்த பழைய வெற்றிப் படங்கள்.

"இதில் பேச என்ன இருக்கு, ஓய்?" என்று கேட்பீர்கள். அரை மணி நேரம் பொறுமையாக இருங்கள். முடிவில் உங்களிடம் மூன்று வேண்டுகோள்கள் வைக்கப் போகிறேன். சந்தா, நன்கொடை எதுவும் இல்லை, பயப்பட வேண்டாம்.

சீக்கிரம் இருட்டும் ஊர்

1997-ல் மத்திய சர்க்கார் உத்தியோகத்தில் மாற்றலாகி போர்ட் பிளேர் போனேன். 2009 வரை அங்கேதான் வாசம். இப்போது அந்த ஊருக்கு ஸ்ரீ விஜயபுரம் என்று பெயர்; 2024 செப்டம்பரில் மாற்றினார்கள். என் வாயில் இன்னும் பழைய பெயர்தான் வருகிறது, மன்னிக்கவும்.

சென்னையிலிருந்து கடல் வழியாகச் சுமார் 1,200 கிலோமீட்டர். கப்பலில் ஏறினால் ஏறக்குறைய மூன்று நாள். விமானம் இரண்டு மணி நேரத்தில் போய்விடும். ஆனால் அன்றைய டிக்கெட் விலையில் குடும்பத்தோடு அடிக்கடி பறக்க முடியாது. காய்கறி, மருந்து, அப்பளம், பஞ்சாங்கம் என்று எல்லாமே கடலைத் தாண்டித்தான் வரவேண்டும். ஹாடோ துறைமுகத்தில் சென்னைக் கப்பல் வந்து நின்றால் ஊருக்கே விசேஷ நாள்.

இன்னொரு விநோதம் உண்டு. தீவுகள் நாட்டின் கிழக்குக் கோடியில் இருக்கின்றன. கடிகாரமோ டில்லிக் கடிகாரம். அதனால் டிசம்பர் மாதத்தில் சாயங்காலம் ஐந்து மணிக்கே சூரியன் அஸ்தமித்துவிடும். ஆபீஸ் விட்டு வந்து சந்தியாவந்தனம் முடித்தால் ஊர் இருட்டு. படுக்கப் போகும் வரை நாலைந்து மணி நேரத்தை எப்படிக் கழிப்பது? அந்த நீண்ட சாயங்காலங்கள்தான் இந்தக் கதைக்குக் காரணம்.

தமிழர்கள் அங்கே குறைவில்லை. 2011 ஜனத்தொகைக் கணக்கின்படி சுமார் 15 விழுக்காட்டினர் தமிழைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள். வெற்றிமலை முருகன் கோயிலில் பங்குனி உத்திரம் வந்தால் காவடிக் கூட்டத்தைப் பார்க்க வேண்டுமே! ஆனால் நம்மவர்கள் கொஞ்சம்தான். பாங்க், தபால் இலாகா, பள்ளிக்கூடம், துறைமுகம் என்று உத்தியோகம் பார்க்க வந்தவர்கள். மூன்று வருஷம், ஐந்து வருஷம் இருந்துவிட்டு ஊர் திரும்புகிறவர்கள்.

பூஞ்சை பூத்த கேசட்

நான் போன புதிதில் வி.ஹெச்.எஸ். கேசட்தான். அந்தமானில் தென்மேற்குப் பருவ மழையும் உண்டு, வடகிழக்குப் பருவ மழையும் உண்டு. வருஷத்துக்கு மூவாயிரம் மில்லிமீட்டர் அளவுக்குக் கொட்டும். அந்த ஈரப்பதத்தில் ஊறுகாய் ஜாடியில் மட்டுமா பூஞ்சை பூக்கும்? கேசட்டுக்குள் இருக்கும் காந்த நாடாவிலும் வெள்ளையாகப் பூத்துவிடும். அதைப் பிளேயரில் போட்டால் படமும் கெட்டு, பிளேயரின் தலையும் கெட்டுப்போகும். ஊரிலிருந்து ஆசையாகக் கொண்டுவந்த 'காதலிக்க நேரமில்லை' கேசட் எங்கள் வீட்டில் ஒரே மழைக்காலத்தில் பஞ்சு மிட்டாய் ஆனது.

அந்தச் சமயத்தில்தான் வி.சி.டி. வந்து சேர்ந்தது. பிலிப்ஸ், சோனி, மாட்சுஷிடா, ஜே.வி.சி. ஆகிய கம்பெனிகள் சேர்ந்து 1993-ல் வகுத்த முறை அது. பாட்டு கேட்கும் அதே 12 சென்டிமீட்டர் தட்டில் படத்தைச் சுருக்கி அடைத்தார்கள். ஒரு தட்டில் 74 நிமிஷம் கொள்ளும். ஆகவே நம்முடைய மூன்று மணி நேரப் படத்துக்கு மூன்று தட்டு வேண்டும். அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் இது எடுபடவே இல்லை. அங்கே வீட்டுக்கு வீடு வி.சி.ஆர். இருந்தது, பிறகு 1996-ல் ஜப்பானில் பிறந்த டி.வி.டி.க்கு நேராகத் தாவிவிட்டார்கள். வி.சி.டி.யைக் கொண்டாடியது சீனா, தென்கிழக்கு ஆசியா, நம் தேசம். விலை மலிவு, ஈரத்தில் பூஞ்சை பிடிக்கும் நாடா இல்லை. எங்களுக்கு வேறென்ன வேண்டும்?

இதற்கெல்லாம் முன்னோடியாக லேசர் டிஸ்க் என்று ஒன்று இருந்தது. 1978-லேயே அமெரிக்காவில் விற்பனைக்கு வந்தது. 30 சென்டிமீட்டர் அகலம்; நம் ஆத்து தோசைக்கல் மாதிரி இருக்கும். விலையும் அதற்கேற்ற கனம். அது நம்மைப் போன்ற மாதச் சம்பளக்காரர்களின் வாசற்படி ஏறவே இல்லை.

ஒளிக்கதிர் தட்டைத் தொடாமலே படிப்பதால் தேய்மானம் கிடையாது என்று விளம்பரம் செய்தார்கள். எங்கள் வீட்டுப் பிளேயருக்கு அந்த விளம்பரம் தெரியவில்லை. நல்ல கட்டத்தில் படம் அப்படியே நின்றுவிடும். உடனே தட்டை வெளியே எடுத்து வேஷ்டி நுனியால் துடைப்போம். ஒருவர் பற்பசை தடவச் சொல்வார். இன்னொருவர் வாழைப்பழத் தோல் என்பார். பெரிய ஜப்பான் பிளேயர் "தட்டே இல்லை" என்று திருப்பித் தள்ளியதை, பெயர் தெரியாத சீனப் பிளேயர் சமர்த்தாகப் படித்துவிடும். 'கர்ணன்' படத்தில் குருக்ஷேத்திர யுத்தம் வந்தால் தேர்களும் குதிரைகளும் கட்டம் கட்டமாக உடையும். அவ்வளவு வேகமான அசைவைச் சுருக்கித் தர அந்தத் தட்டுக்குச் சக்தி போதாது. ஆனாலும் ஒருவரும் எழுந்து போனதில்லை.

சனிக்கிழமை சபை

சென்னைக்கு யார் லீவில் போனாலும் கையில் ஒரு ஜாபிதா கொடுத்தனுப்புவோம். காபிப் பொடி, கட்டிப் பெருங்காயம், நாலு படம். அவர் திரும்பி வந்ததும் முதல் கேள்வி, "படம் வந்துதா?" என்பதுதான். அடுத்த கேள்விதான் "சௌக்கியமா?"

சனிக்கிழமை சாயங்காலம் எங்கள் குவார்ட்டர்ஸ் ஹாலில் பாய் விரித்துவிடுவோம். ஏழெட்டுக் குடும்பங்கள். யார் வீட்டில் என்ன பலகாரம் என்பது வெள்ளிக்கிழமையே முடிவாகிவிடும். முதல் தட்டு முடிந்தால் காபி. இரண்டாம் தட்டு முடிந்தால் சாப்பாடு. மூன்றாம் தட்டுக்குள் குழந்தைகள் பாதிப் பேர் தூங்கிப் போயிருப்பார்கள். தட்டு மாற்றுகிற அந்த ஐந்து நிமிஷ இடைவெளியில்தான் ஊர் வம்பு, வரன் விசாரணை, மாற்றல் உத்தரவு எல்லாம் அலசப்படும். இரண்டு ஜாதகங்கள் அப்படிப் பொருந்தி, கல்யாணத்தில் முடிந்ததும் உண்டு.

என்னென்ன படங்கள் என்று கேட்டால் பட்டியல் நீளும். 'கர்ணன்', 'திருவிளையாடல்', 'தில்லானா மோகனாம்பாள்', 'எதிர்நீச்சல்', 'வியட்நாம் வீடு', 'தில்லு முல்லு', 'சிந்து பைரவி', 'மைக்கேல் மதன காம ராஜன்'. இதில் 'வியட்நாம் வீடு' போடும் அன்று மட்டும் ரிடையராகப் போகிற மாமாக்கள் மௌனமாகிவிடுவார்கள். பிரெஸ்டிஜ் பத்மநாபன் வேஷத்தில் சிவாஜி நடக்கிற நடையில் அவரவர் தகப்பனாரைப் பார்த்தார்களோ, தங்களையே பார்த்தார்களோ, எனக்குத் தெரியாது. 'மைக்கேல் மதன காம ராஜன்' போட்டால் பாலக்காட்டு மாமி ஒருத்தர், காமேஸ்வரனின் பேச்சில் எது சுத்தப் பாலக்காடு, எது கிரேஸி மோகன் கற்பனை என்று ஒவ்வொரு வசனத்துக்கும் தீர்ப்பு வழங்குவார். அந்த வியாக்கியானத்துக்காகவே அந்தப் படத்தை வருஷத்துக்கு மூன்று தடவை போடுவோம்.

பக்கத்து வீட்டில் ஒரு வங்காளிக் குடும்பம். தேசப் பிரிவினைக்குப் பிறகு கிழக்கு வங்காளத்திலிருந்து வந்து குடியேறியவர்களின் வம்சம். 'தில்லானா மோகனாம்பாள்' ஓடிய அன்று நாதஸ்வர சத்தம் கேட்டு அந்தப் பெரியவர் வாசலில் வந்து நின்றார். உள்ளே அழைத்து உட்கார வைத்தோம். வசனம் ஒன்றும் புரியாமல் முழுப் படமும் பார்த்தார். பிறகு, "திரையில் இருப்பவர் நடிகர் என்று தெரிகிறது, உண்மையில் வாசித்தவர் யார்?" என்று ஹிந்தியில் கேட்டார். மதுரை சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள் என்று சொன்னேன். ஒரு காகிதத்தில் வங்காள எழுத்தில் எழுதிக்கொண்டார். அடுத்த வாரம் சத்யஜித் ரேயின் 'கூப்பி காய்னே பாகா பாய்னே' தட்டைக் கொண்டுவந்து எங்களுக்குப் போட்டுக் காட்டினார். 1969-ல் வந்த படம். பாடகனும் மேளக்காரனும் பூத ராஜனிடம் வரம் வாங்கும் கதை. குழந்தைகள் அன்று தூங்கவே இல்லை.

குழந்தைகளைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். எங்கள் பிள்ளைகள் படித்த பள்ளியில் ஹிந்தியும் இங்கிலீஷும்தான். விளையாட்டு மைதானத்தில் எல்லாத் தாய்மொழிக் குழந்தைகளும் பேசியது ஹிந்தி. வீட்டில் தமிழ் பேசினாலும், அது "தட்டு வை, தண்ணி கொண்டா" என்கிற சமையலறைத் தமிழ். நீள வாக்கியம், நயமான வார்த்தை, எள்ளல், கோபம் எல்லாம் அவர்கள் காதில் எங்கிருந்து விழும்? 'திருவிளையாடல்' படத்திலிருந்து விழுந்தது. தருமியாக நாகேஷும், நக்கீரராக ஏ.பி. நாகராஜனே நடித்த அந்தக் கட்டத்தை என் பெண் ரிமோட்டில் பின்னால் ஓட்டி ஓட்டிப் பார்த்து, கடைசியில் முழு வாக்குவாதத்தையும் இரண்டு குரலில் தனியாகவே நடித்துக் காட்டினாள். டைட்டிலில் ஓடும் பெயர்களை எழுத்துக் கூட்டித்தான் தமிழ் படிக்கவும் கற்றாள். இன்று அவள் கடல் கடந்து வெகு தூரத்தில் இருக்கிறாள். தன் குழந்தைக்குத் தமிழில் கதை சொல்லுகிறாள். பள்ளிக்கூடம் தராத பாஷையை ஒரு தட்டு தந்தது என்றால் அது மிகையல்ல.

தீவு திரையில் வந்தபோது

அந்தமானைப் பற்றிய தமிழ்ப் படங்களுக்கு எங்கள் சபையில் தனி மரியாதை. 1952-ல் எம்.ஜி.ஆர். நடித்த 'அந்தமான் கைதி', கு.சா. கிருஷ்ணமூர்த்தியின் நாடகத்திலிருந்து பிறந்தது. 1978-ல் முக்தா சீனிவாசன் இயக்கி, சிவாஜியும் சுஜாதாவும் நடித்த 'அந்தமான் காதலி'யில் தீவின் கடற்கரையும் தென்னையும் வரும்போது, கதையை விட்டுவிட்டு "இது எந்த இடம்?" என்று எல்லோரும் சண்டை போடுவோம்.

1996-ல் வந்த பிரியதர்ஷனின் 'சிறைச்சாலை' வேறு ரகம். மலையாளத்தில் 'காலாபாணி'. மோகன்லாலும் பிரபுவும் நடித்தது, இசை இளையராஜா. சந்தோஷ் சிவனின் ஒளிப்பதிவுக்கும் சாபு சிரிலின் கலை இயக்கத்துக்கும் தேசிய விருது கிடைத்தது. அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு மறுநாள் காலையில் வந்திருந்த விருந்தாளிகளை செல்லுலர் ஜெயிலுக்கு அழைத்துப் போனேன். 1906-ல் கட்டி முடித்த 693 தனி அறைகள் கொண்ட சிறை அது. மிஞ்சியிருக்கும் வராந்தாவில் நடந்தபோது ஒருவரும் பேசவில்லை. முந்தின இரவு வரை அது சுற்றுலா ஸ்தலம். அன்று காலையில் அப்படி இல்லை.

2004 டிசம்பர் 26

அது மார்கழி மாத ஞாயிற்றுக்கிழமை, பௌர்ணமி. காலை ஆறரை மணிக்கு ஒரு நிமிஷம் முன்னதாகப் பூமி ஆடத் தொடங்கியது. எங்கள் வீட்டில் டி.வி.யும் பிளேயரும் ஸ்டாண்டோடு சாய்ந்தன. நாங்கள் இருந்தது மேட்டில், தண்ணீர் எட்டவில்லை. தெற்கே நிக்கோபார் தீவுகளின் கதி என்ன என்பது நாள் செல்லச் செல்லத்தான் தெரிந்தது. அதில் கச்சால் தீவு மிகப் பெரிய உயிரிழப்பைச் சந்தித்தது. அங்கே தமிழர்கள் இருந்தார்கள். 1964-ல் சாஸ்திரிக்கும் சிறிமாவோவுக்கும் ஏற்பட்ட உடன்படிக்கைக்குப் பிறகு இலங்கைத் தோட்டங்களிலிருந்து தாயகம் திரும்பியவர்களை, அங்கே ரப்பர் தோட்டத்தில் குடியமர்த்தியிருந்தார்கள். இரண்டு முறை கடல் கடந்து பிழைக்கப் போன ஜனங்கள்.

தப்பியவர்களைக் கப்பலில் போர்ட் பிளேருக்கு அழைத்து வந்து முகாம்களில் வைத்தார்கள். நாங்கள் சில குடும்பங்கள் சேர்ந்து சாம்பார் சாதம், தயிர் சாதம் கொண்டுபோய்க் கொடுத்து வந்தோம். அங்கே அறுபது வயது மதிக்கத்தக்க ஒரு அம்மாளைச் சந்தித்தேன். மகளையும் மாப்பிள்ளையையும் கடல் கொண்டுபோய்விட்டது. வீடு இருந்த இடமே இல்லை. ஒரு போட்டோகூட மிச்சமில்லை.

சில வாரம் கழித்து அந்த அம்மாளும், துறைமுகத்துக்கு அக்கரையில் பேம்பூ ஃபிளாட்டில் இருக்கும் அவருடைய உறவுக்காரரும் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். உறவுக்காரர் பையிலிருந்து ஒரு வி.சி.டி.யை எடுத்தார். முந்தைய வருஷம் நடந்த அந்தப் பெண்ணின் கல்யாண வீடியோ. மூன்று பிரதி போட்டார்களாம்; இரண்டு கச்சாலில் இருந்தன, ஒன்று இவரிடம். "உங்க வூட்ல படம் போடுற மிஷின் இருக்குன்னாங்க சார். இந்தம்மா பாக்கணும்ங்குது" என்றார்.

போட்டேன். சினிமாப் பாட்டோடு ஆரம்பிக்கும், இதயம் வடிவத்துக்குள் மணமக்கள் முகம் வரும், அந்தக் காலத்து வழக்கமான கல்யாண வீடியோ. நாம் கேலி செய்கிற சமாசாரம். அந்த அம்மாள் சலனமில்லாமல் பார்த்துக்கொண்டிருந்தார். தாலி கட்டும் நேரத்தில் பெண் குனிந்துகொண்டே இருக்கிறாள், முகம் தெரியவில்லை. அம்மாள் மெதுவாக டி.வி.யைப் பார்த்து, "தலையத் தூக்கு ஆயி" என்றார். என் ஆத்துக்காரி எழுந்து உள்ளே போய்விட்டாள்.

பாதியில் கீறல் பட்ட இடத்தில் படம் நின்றது. துடைத்துத் துடைத்துப் போட்டோம். நாலாவது தடவை ஓடியது. மறுநாள் ஒரு கம்ப்யூட்டர் சென்டரில் கொடுத்து அதை ஐந்து பிரதி எடுத்தோம். ஒன்று அந்த அம்மாளுக்கு. மற்றவை நாலு வெவ்வேறு ஊருக்கு, அவருடைய சொந்தக்காரர்களுக்குத் தபாலில் போயின. எங்கள் அலமாரியில் சிவாஜியும் ஜெமினியும் நாகேஷும் வரிசையாக இருந்தார்கள். அந்த வீட்டுக்குள் வந்த தட்டுகளிலேயே விலைமதிப்பற்றது, கேமராமேன் பெயர்கூடப் போடாத அந்த ஒன்றுதான் என்று எங்கள் எல்லோருக்கும் தெரியும்.

தட்டுகள் போன வழி

பிறகு நடந்தது உங்களுக்கே தெரியும். திருட்டு வி.சி.டி. பெருகி, 2004-ல் தமிழக அரசு குண்டர் சட்டத்தில் வீடியோ திருட்டையும் சேர்த்தது. 2007-ல் மோசர் பேர் கம்பெனி, அசல் வி.சி.டி.யையே 28 ரூபாய்க்கும் டி.வி.டி.யை 34 ரூபாய்க்கும் விற்க ஆரம்பித்தது. ஒரு முழுக் காபி டிபன் விலையில் ஒரு படம் சொந்தம்! நாணயமாக வாங்க நினைத்தவனுக்கு அது பொற்காலம். பத்து வருஷம் தாங்கவில்லை. இணையம் வந்தது, 2018-ல் அந்தக் கம்பெனியே கலைப்புக்குப் போனது. 2016-ல் ஜப்பானின் ஃபுனாய் கம்பெனி வி.சி.ஆர். தயாரிப்பை நிறுத்தியது. தபாலில் டி.வி.டி. அனுப்பித் தொழிலை ஆரம்பித்த நெட்ஃபிளிக்ஸ், 2023 செப்டம்பரில் அந்தச் சேவைக்கு முழுக்குப் போட்டது.

அந்தமானில் தட்டுகள் கொஞ்சம் அதிக நாள் உயிரோடிருந்தன. அங்கே இணையம் செயற்கைக்கோள் வழியாகத்தான். ஒரு படத்தை இறக்குவதற்குள் சென்னைக் கப்பலே வந்துவிடும் என்பார்கள். 2020 ஆகஸ்ட் 10 அன்று சென்னையிலிருந்து சுமார் 2,300 கிலோமீட்டர் நீளத்துக்குக் கடலடிக் கேபிள் திறக்கப்பட்டது. போர்ட் பிளேரோடு, கார் நிக்கோபார், கமோர்ட்டா, கேம்பெல் பே வரை போகிறது. தீவு ஜனங்களுக்கு அது பெரிய வரப்பிரசாதம். வைத்தியம், படிப்பு, பாங்க் வேலை எல்லாம் சுலபமாயிற்று. அதைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. இன்று 'கர்ணன்' படத்தைத் துல்லியமாக, குதிரைகள் கட்டம் கட்டமாக உடையாமல், போனிலேயே பார்க்கலாம். நல்லதுதான்.

ஆனால் இரண்டு விஷயம் மாறிவிட்டது. ஒன்று, ஒரே ஹாலில் பத்துப் பேர் ஒரே படத்தைப் பார்த்தது போய், ஒரே ஹாலில் நாலு பேர் நாலு படம் பார்க்கிறோம். இன்னொன்று, அன்று வாங்கிய தட்டு என் சொந்தம். இன்று சந்தா கட்டிப் பார்ப்பது என் சொந்தம் அல்ல. உரிமக் காலம் முடிந்தால் ஒரு நாள் சொல்லாமல் மறைந்துவிடும்.

மறைவது என்பது சினிமாவுக்குப் புதிதல்ல. நம் முதல் பேசும் படமான 1931-ன் 'காளிதாஸ்' இன்று எங்கும் இல்லை. பழைய நைட்ரேட் பிலிம் தானே பற்றிக்கொள்ளும் தன்மையுடையது. போதாக்குறைக்கு அதிலிருக்கும் வெள்ளிக்காகவும் உருக்கினார்கள். 2003 ஜனவரியில் புனேயில் ஏற்பட்ட தீ விபத்தில் ஆதி காலத்துப் படச்சுருள்கள் பல கருகின. கல்கி கதை எழுதி, கே. சுப்ரமணியம் எடுத்து, வெள்ளைக்கார அரசு தடை செய்த 'தியாகபூமி' நமக்குக் கிடைப்பது, ஒரு பிரதி புனே ஆவணக் காப்பகத்துக்குப் போய்ச் சேர்ந்ததால்தான். அரவிந்தனின் 'தம்பு' என்ற மலையாளப் படத்தின் மூல நெகடிவ் அழிந்துவிட்டது. வேறொரு பிரதியிலிருந்து புதுப்பித்து 2022-ல் கேன்ஸ் விழாவில் திரையிட்டார்கள். 'கர்ணன்' புதுப்பொலிவோடு 2012 மார்ச்சில் திரும்பி வந்து நூறு நாளைத் தாண்டி ஓடியதும், யாரோ அதை முற்றிலும் அழியவிடாமல் வைத்திருந்ததால்தான்.

கச்சால் அம்மாளின் தட்டும், பெரிய படங்களின் பிரதியும் சொல்வது ஒன்றே: இன்னொரு ஊரில் இன்னொரு பிரதி இருந்தால் பிழைக்கும்.

மூன்று வேண்டுகோள்கள்

முதலாவது: இந்த வாரமே பரணில் ஏறிப் பாருங்கள். சினிமாத் தட்டுகளோடு உபநயனம், சஷ்டியப்தபூர்த்தி, கல்யாணம், பாட்டியின் சதாபிஷேகம் என்று எழுதிய தட்டுகள் கலந்து கிடக்கும். அவற்றைத் தனியாகப் பிரியுங்கள். கம்பெனியில் அச்சடித்த சினிமாத் தட்டு பல்லாண்டு தாங்கும். வீட்டு விசேஷத் தட்டுகளோ சாயப் பூச்சில் எழுதப்பட்டவை. வெயிலிலும் வெப்பத்திலும் அந்தச் சாயம் மங்கும். அதாவது, கடையில் இன்னொன்று கிடைக்கக்கூடியது உறுதியாக இருக்கிறது. உலகத்தில் ஒன்றே ஒன்றாக இருப்பதுதான் முதலில் அழியும்.

இரண்டாவது: கையாளும் முறை. தட்டைத் துடைக்கும்போது வட்டமாகத் துடைக்காதீர்கள். நடுவிலிருந்து விளிம்புக்கு நேர்கோட்டில், மெத்தென்ற பருத்தித் துணியால் துடையுங்கள். பற்பசை வேண்டாம். வி.சி.டி.யில் தகவல் இருப்பது, எழுத்து அச்சடித்த மேல் பக்கத்துக்கு ஒட்டினாற்போல. ஆகவே பளபளக்கும் அடிப்பக்கத்தைவிட மேல் பக்கக் கீறல்தான் ஆபத்து. அதன் மேல் பேனாவால் அழுத்தி எழுத வேண்டாம், ஸ்டிக்கரும் ஒட்ட வேண்டாம். யு.எஸ்.பி. டிரைவ் ஒன்றை வாங்கிக் கம்ப்யூட்டரில் சொருகினால், வி.சி.டி.க்குள் 'எம்பெக்ஏவி' என்ற ஃபோல்டர் தெரியும். அதில் உள்ள பெரிய கோப்பை அப்படியே நகலெடுத்தால் போதும், வி.எல்.சி. என்ற இலவச மென்பொருளில் ஓடும். இரண்டு பிரதி எடுத்து, ஒன்றை வேறு ஊரில் இருக்கும் பிள்ளையிடமோ தங்கையிடமோ கொடுத்து வையுங்கள். இது நம் வீட்டு வீடியோவுக்குச் சொல்வது. சினிமாவை நகலெடுத்து ஊருக்கெல்லாம் விநியோகிப்பது சட்டப்படி சரியல்ல, தட்டையே வைத்துக்கொள்ளுங்கள்.

மூன்றாவது, சங்கத்துக்கு. நம் கிளைகள் பல ஊர்களில் இருக்கின்றன. ஒவ்வொரு கிளையிலும் நன்றாக ஓடும் பிளேயர் ஒன்றும், டிரைவ் ஒன்றும் வைத்துக்கொள்ளலாம். மாதத்தில் ஒரு ஞாயிறு, வயதான அங்கத்தினர்களின் தட்டுகளை நம் இளைஞர்கள் நகலெடுத்துக் கொடுக்கலாம். அரை நாள் வேலை. தொண்ணூறு வயது மாமா ஒருவர், காலஞ்சென்ற மாமியின் குரலை மறுபடி கேட்க முடியும். வேலை முடிந்ததும் ஹாலில் பாய் விரித்து, யாரிடமாவது இருக்கும் 'தில்லானா மோகனாம்பாள்' தட்டைப் போடுங்கள். தட்டு மாற்றும் இடைவெளியில் காபி கொடுங்கள். வரன் விசாரணைக்கு நான் பொறுப்பு.

இப்போது ஆரம்பித்தால்தான் உண்டு. பிளேயர் ரிப்பேர் செய்யத் தெரிந்தவர்கள் குறைந்துகொண்டே வருகிறார்கள். புதிய கம்ப்யூட்டர்களில் தட்டு போடும் வாசலே கிடையாது. தட்டு நன்றாக இருந்தும் அதைப் படிக்கக் கருவி இல்லை என்ற நிலை வந்துவிட்டால், அது சாவி தொலைந்த பூஜைப் பெட்டிக்குச் சமானம்.

 அடுத்த சங்கமத்துக்கு வரும்போது "எங்கள் ஆத்தில் இத்தனை தட்டு கண்டெடுத்தோம், இத்தனை காப்பாற்றினோம்" என்று நீங்கள் வந்து சொன்னால், அதுவே எனக்கு நீங்கள் செய்யும் மரியாதை.

சர்வே ஜனா: சுகினோ பவந்து. நமஸ்காரம்.